தடைக்கு உள்ளான திரை
இயக்குநர் கே. சுப்பிரமணியம் வாழ்வு தரும் ஒரு சிந்தனை



நம் மேச்சேரி, ஓமலூர், மேட்டூர் பகுதிகளில் வயதில் மூத்தவர்களிடம் பேச்சுக் கொடுத்தால் டூரிங் டாக்கீஸ் பற்றி ஆசையோடு சொல்வார்கள். அறுவடை முடிந்த காட்டில் கூடாரம் அடிப்பார்கள். தரை டிக்கெட் வாங்கியவர்கள் மணலைக் குவித்து மேடாக்கி அதன்மேல் உட்கார்ந்து படம் பார்ப்பார்கள். படம் எடுக்கும் இடமும் நமக்குத் தொலைவில் இல்லை. சேலத்தில் ஏற்காடு செல்லும் சாலையில் டி. ஆர். சுந்தரம் 1935-இல் தொடங்கிய மாடர்ன் தியேட்டர்ஸ், தென்னாட்டின் பெரிய படநிறுவனங்களில் ஒன்றாக விளங்கியது. நூற்றுக்கும் மேற்பட்ட படங்கள் அங்கிருந்து வெளிவந்தன. இன்று அதன் நுழைவு வளைவு மட்டும் பழைய நாள்களை நினைவூட்டிக்கொண்டு நிற்கிறது.

திரையில் பார்த்த கதைகள் நம் நினைவில் இருக்கின்றன. திரைக்கு வராமல் தடுக்கப்பட்ட கதைகளை யார் நினைக்கிறார்கள்? கலைஞன் ஒருவன் உண்மை என்று கண்டதைச் சொல்ல முற்படும்போது, அதிகாரத்தில் இருப்பவர்கள் அவன் கையைப் பிடித்துக்கொள்கிறார்கள். இது எல்லா நாட்டிலும் எல்லாக் காலத்திலும் நடந்திருக்கிறது. நம் தமிழகத்தில் அதைத் தம் வாழ்வில் சந்தித்த ஒருவரைப் பற்றி இன்று சிந்திப்போம். அவர்தான் இயக்குநர் கே. சுப்பிரமணியம். அவர் கிறிஸ்தவர் அல்லர். நம் மறையின் பார்வையில் அவருடைய வாழ்வில் நாம் ஏற்க முடியாதவையும் உண்டு. ஆயினும் மனச்சான்றின் குரலைக் கேட்ட மனிதர் ஒருவரிடமிருந்து கற்றுக்கொள்ள நமக்குத் தயக்கம் வேண்டியதில்லை.

வழக்கறிஞர் வீட்டுப் பிள்ளை

சுப்பிரமணியம் 1904-ஆம் ஆண்டு ஏப்ரல் 20-ஆம் நாள் தஞ்சை மாவட்டம் பாபநாசத்தில் பிறந்தார். ஆசாரம் மிகுந்த பிராமணக் குடும்பம். சட்டம் படித்தார். நீதிமன்றத்தில் கறுப்பு அங்கி அணிந்து நல்ல வருமானத்தோடு வாழ்ந்திருக்கலாம். ஆனால் அவருடைய மனம் அப்போதுதான் தென்னாட்டில் தவழத் தொடங்கியிருந்த சினிமாவை நாடியது. மௌனப்பட காலத்திலேயே ராஜா சாண்டோ போன்றோருடன் பணியாற்றித் தொழில் கற்றுக்கொண்டார்.

1934-இல் அவர் இயக்கிய முதல் பேசும்படம் 'பவளக்கொடி' வெளிவந்தது. நாடக மேடையில் புகழ்பெற்றிருந்த எம். கே. தியாகராஜ பாகவதரும் எஸ். டி. சுப்புலட்சுமியும் அந்தப் படத்தின் வழியாகத்தான் திரைக்கு அறிமுகமானார்கள். பாட்டுக்கு மேல் பாட்டு, புராணக் கதை, அரசர் வேடம் என்று அன்றைய படங்கள் இருந்தன. மக்களும் அதையே விரும்பினார்கள். அந்த வழியிலேயே போயிருந்தால் பணமும் புகழும் அவருக்குக் குறைந்திருக்காது. யாரும் அவரைத் தடுத்திருக்கவும் மாட்டார்கள்.

முதல் தடை: சொந்தச் சமூகம்

1937-இல் அவர் 'பாலயோகினி' என்னும் படத்தை எடுத்தார். விதவைப் பெண்ணின் துயரமும் சாதியின் கொடுமையும் அந்தப் படத்தின் கரு. சொந்த உறவினர்கள் கைவிட்ட பெண்ணுக்கு, தாழ்ந்த சாதி என்று ஒதுக்கப்பட்ட வேலைக்காரர் அடைக்கலம் கொடுக்கிறார். சுப்பிரமணியத்தின் சகோதரர் மகளான சிறுமி பேபி சரோஜா அந்தப் படத்தால் பெரும் புகழ் பெற்றார். அந்நாளில் பிறந்த எத்தனையோ பெண் குழந்தைகளுக்குச் சரோஜா என்று பெயர் வைத்தார்கள்.

விதவை வேடத்திற்கு உண்மையிலேயே கணவரை இழந்த ஒரு பிராமணப் பெண்ணையே அவர் நடிக்க வைத்தார். மொட்டையடித்து மூலையில் உட்கார வைக்கப்பட வேண்டியவள் என்று ஊர் முடிவு செய்திருந்த பெண், கேமராவின் முன் வந்து நின்றார். வைதிகர்களுக்குப் பொறுக்கவில்லை. தஞ்சையில் கூடிப் பேசி அவரைச் சாதியிலிருந்து விலக்கி வைத்தார்கள்.

அன்புக்குரியவர்களே, இதைச் சற்று நின்று கவனிக்க வேண்டும். கலைக்குத் தடை என்றதும் நமக்கு அரசாங்கமும் போலீசும்தான் நினைவுக்கு வருகின்றன. சுப்பிரமணியத்தின் மேல் முதலில் கைவைத்தது அரசாங்கம் அல்ல. அவருடன் ஒரே பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டவர்கள்தான் முதலில் கதவை அடைத்தார்கள். நாசரேத்தூர்த் தொழுகைக்கூடத்தில் ஆண்டவர் இயேசுவை மலை உச்சிக்கு இழுத்துச் சென்றவர்களும் சொந்த ஊர்க்காரர்கள்தாம்.

அவர் பின்வாங்கவில்லை. 1938-இல் 'சேவாசதனம்' வந்தது. இந்தி எழுத்தாளர் பிரேம்சந்தின் நாவலைத் தழுவிய படம் இது. வரதட்சணைக் கொடுமையையும், வயது பொருந்தாத திருமணத்தில் சிக்கிய பெண்ணின் அவல வாழ்வையும் அது காட்டியது. இசை உலகில் பின்னர் உலகப் புகழ் பெற்ற எம். எஸ். சுப்புலட்சுமி திரையில் அறிமுகமானது இந்தப் படத்தில்தான்.

தியாகபூமி

1939-ஆம் ஆண்டு மே 20-ஆம் நாள் 'தியாகபூமி' வெளியானது. கதையை எழுதியவர் கல்கி. படம் உருவாகிக்கொண்டிருக்கும்போதே அதன் புகைப்படங்களோடு கதை 'ஆனந்த விகடன்' இதழில் தொடராக வந்தது. படித்தவர்கள் படத்துக்குக் காத்திருந்தார்கள். படம் பார்த்தவர்கள் இதழைத் தேடினார்கள்.

கதையின் நாயகர் சம்பு சாஸ்திரி என்னும் பக்தியுள்ள பிராமணர். கர்நாடக இசை மேதை பாபநாசம் சிவன் அந்த வேடத்தில் நடித்தார். புயலும் மழையும் அடித்த ஓர் இரவில், குடிசை இழந்த அரிசன மக்களுக்கு அவர் தம் வீட்டைத் திறந்துவிடுகிறார். அதற்காக ஊர் அவரை விலக்கி வைக்கிறது. இரண்டு ஆண்டுகளுக்கு முன் தமக்கு நேர்ந்ததையே சுப்பிரமணியம் திரையில் சாஸ்திரியாருக்கும் நேரச் செய்தார் என்று சொல்லலாம்.

சாஸ்திரியாரின் மகள் சாவித்திரியைக் கணவன் கொடுமைப்படுத்தி விரட்டிவிடுகிறான். பிறந்த குழந்தையைத் தந்தையிடம் சேரவிட்டு அவள் மறைந்துபோகிறாள். பேத்தியை வளர்க்கும் சாஸ்திரியார், ஒதுக்கப்பட்ட மக்களின் குடியிருப்பில் அவர்களில் ஒருவராக வாழ்கிறார். ஆண்டுகள் கழித்துச் செல்வப் பெண்மணியாகச் சாவித்திரி திரும்பி வருகிறாள். இப்போது கணவன் அவளைத் தேடி வந்து, தன்னோடு வாழ வேண்டும் என்று வழக்குத் தொடுக்கிறான். அவள் நீதிமன்றத்தில் நின்று மறுக்கிறாள். வேண்டுமானால் கணவனுக்குத் தானே ஜீவனாம்சம் தருவதாகவும் சொல்கிறாள். 1939-இல் ஒரு தமிழ்ப் பெண் திரையில் இப்படிப் பேசியது எத்தகைய அதிர்ச்சியாக இருந்திருக்கும்! முடிவில் அவள் நாட்டு விடுதலைப் போராட்டத்தில் சேர்ந்து சிறை செல்கிறாள். காந்தியடிகள் இராட்டை சுற்றும் உண்மையான காட்சியும் படத்தில் சேர்க்கப்பட்டிருந்தது. டி. கே. பட்டம்மாள் பாடிய தேசபக்திப் பாடல் ஊரெங்கும் ஒலித்தது.

படம் வெளியாகி இரண்டு மாதங்கள் முடிவதற்குள், 1939 ஜூலை 8-ஆம் நாள், மதுரை மீனாட்சி அம்மன் கோயிலுக்குள் அ. வைத்தியநாத ஐயரின் தலைமையில் ஒடுக்கப்பட்ட மக்கள் நுழைந்தார்கள். நாடு எந்தத் திசையில் நகர்ந்துகொண்டிருந்தது என்பதைத் திரையும் தெருவும் ஒருங்கே காட்டின.

தடை வந்தது

ஆங்கில அரசு 1918-இல் சினிமாச் சட்டத்தை இயற்றியது. அதன்படி சென்னையிலும் தணிக்கைக் குழு அமைந்தது. 1921-இல் வந்த 'பக்த விதுரர்' என்னும் மௌனப்படத்தில் விதுரர் காந்தியடிகளைப் போலக் கதராடையும் தொப்பியும் அணிந்து தோன்றினார். மகாபாரதக் கதைதானே என்று விட்டுவிடாமல் சென்னை மாகாணத்தில் அதைத் தடை செய்தார்கள். அதற்குப் பிறகு காந்தி என்ற பெயரும் கதரும் இராட்டையும்கூடத் தணிக்கையாளரின் கத்தரிக்கோலுக்கு இரையாயின.

1937 ஜூலையில் இராஜாஜி தலைமையில் காங்கிரஸ் அமைச்சரவை அமைந்தபோது இந்தப் பிடி தளர்ந்தது. 'தியாகபூமி' அந்தக் குறுகிய இடைவெளியில் பிறந்த படம். 1939 செப்டம்பரில் இரண்டாம் உலகப்போர் மூண்டது. இந்தியரைக் கேளாமலே இந்தியாவைப் போரில் ஈடுபடுத்தியதை எதிர்த்து அக்டோபரில் அமைச்சரவை விலகியது. ஆளுநரின் ஆட்சி வந்தது. 1940-இல் 'தியாகபூமி' தடை செய்யப்பட்டது.

படம் அதே படம்தான். ஒரு காட்சிகூட மாறவில்லை. ஆட்சி மாறியதும் நேற்று அனுமதிக்கப்பட்டது இன்று குற்றமாயிற்று. தடை வரப்போகிறது என்று தெரிந்ததும் சென்னை கெயிட்டி திரையரங்கில் கட்டணமின்றித் தொடர்ந்து படத்தைக் காட்டினார்கள் என்றும், திரண்டு வந்த மக்களைப் போலீசார் தடியடி நடத்திக் கலைத்தார்கள் என்றும் தமிழ்த் திரை வரலாற்றை எழுதியவர்கள் பதிவு செய்திருக்கிறார்கள். நல்ல வேளையாக அந்தப் படத்தின் பிரதி அழிந்துபோகவில்லை. புனேயிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் அதைப் பாதுகாத்து வைத்தது.

தொலைதூர இரஷ்யாவில்

இதே துயரத்தை நம்மைவிட நீண்ட காலம் அனுபவித்தவர்கள் சோவியத் நாட்டுக் கலைஞர்கள். அங்கே படம் எடுக்கப் பணம் கொடுப்பதும், எடுத்த படத்தை வெளியிடுவதும் அரசே. உலகம் போற்றிய இயக்குநர் ஐசன்ஸ்டைன் எடுத்த 'இவான்' படத்தின் இரண்டாம் பாகத்தை 1946-இல் தடை செய்தார்கள். கொடுங்கோல் மன்னனின் சாயலில் ஸ்டாலின் தம்மைக் கண்டுகொண்டார் போலும்! 1948-இல் ஐசன்ஸ்டைன் இறந்தார். படம் வெளிவந்தது 1958-இல்.

ஆந்திரேய் தார்க்கோவ்ஸ்கி 1966-இல் 'ஆந்திரேய் ருப்ளேவ்' படத்தை முடித்தார். மூவொரு கடவுளின் புகழ்பெற்ற திருவோவியத்தைத் தீட்டிய துறவியின் கதை அது. கடவுள் இல்லை என்று சொன்ன அரசு, அந்தப் படத்தை ஆண்டுக் கணக்கில் முடக்கி வைத்தது. 1971-இல்தான் சொந்த நாட்டு மக்கள் அதைத் திரையரங்கில் பார்க்க முடிந்தது. இறுதியில் தார்க்கோவ்ஸ்கி நாடு திரும்ப மறுத்து, 1986-இல் பாரிஸ் நகரில் காலமானார். சினிமாவின் நூற்றாண்டையொட்டி 1995-இல் வத்திக்கான் வெளியிட்ட 45 சிறந்த படங்களின் பட்டியலில் 'ஆந்திரேய் ருப்ளேவ்' இடம்பெற்றது. கட்டியவர்கள் புறக்கணித்த கல்லைப் பற்றி விவிலியம் சொல்வது நம் நினைவுக்கு வரவில்லையா?

வளைந்த நேரம்

சுப்பிரமணியம் தடைக்குப் பின்னும் ஓயவில்லை. தாழ்த்தப்பட்டவராய் நடத்தப்பட்ட ஒரு பக்தரின் கதையை 1940-இல் 'பக்த சேதா' என்ற பெயரில் எடுத்தார். நேரடியாகச் சொல்ல முடியாததைப் பக்திக் கதையின் வழியே சொன்னார். அரண்மனைத் தவற்றைத் தாவீது அரசரிடம் ஆட்டுக்குட்டிக் கதையாகச் சொன்ன இறைவாக்கினர் நாத்தானைப் போல!

ஆனால் கதை இங்கே முடிந்துவிடவில்லை. போர்க்காலத்தில் கச்சா பிலிம் கிடைப்பது அரிதாயிற்று. 1942-இல் ஒரு படத்தின் நீளம் 11,000 அடிக்கு மேல் போகக்கூடாது என்று கட்டுப்பாடு வந்தது. பிலிம் வேண்டுமென்றால் அரசின் உரிமம் வேண்டும். போர் முயற்சிக்கு ஆதரவாகப் படம் எடுக்க வேண்டும் என்ற நெருக்குதலும் சேர்ந்தது. 1945-இல் நம் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸிலிருந்து 'பர்மா ராணி' வந்தது. அதே ஆண்டில் போருக்கு ஆதரவான 'மான சம்ரட்சணம்' என்ற படமும் வந்தது. அதை இயக்கியவர் யார் தெரியுமா? தடை செய்யப்பட்ட 'தியாகபூமி'யின் இயக்குநர் சுப்பிரமணியம்தான்!

இதை எப்படி எடுத்துக்கொள்வது? கோழைத்தனம் என்று ஒரு சொல்லில் தீர்ப்பிட்டுவிடலாம். ஆனால் ஒரு படத்தை நம்பி நூறு குடும்பங்கள் அடுப்பு மூட்டுகின்றன. தையற்காரர், தச்சர், விளக்குப் பிடிப்பவர், சமையற்காரர் என்று எத்தனையோ பேருக்குப் பிலிம் இல்லையென்றால் வேலை இல்லை. பாசிசத்தை எதிர்த்த அந்தப் போர் வெல்லப்பட வேண்டும் என்று உளமார நம்பிய நல்லவர்களும் அன்று நம் நாட்டில் இருந்தார்கள். அவருடைய உள்ளத்தில் இருந்ததை ஆண்டவர் ஒருவரே அறிவார். நாம் அறிவது இவ்வளவுதான்: தடையைவிட உரிமம் அதிக ஆபத்தானது. தடை வரும்போது நாம் எதை இழக்கிறோம் என்று தெரிகிறது. உரிமம் கையில் இருக்கும்போது, எதைச் சொல்லாமல் விட்டோம் என்பது நமக்கே மறந்துபோகிறது.

அப்படியிருந்தும் அவர் தம்மைப் பற்றி மட்டும் நினைத்தவர் அல்லர். தென்னிந்தியத் திரைப்பட வர்த்தக சபை உருவாக முன்னின்று உழைத்தார். நடிகர்களுக்கென்று ஒரு சங்கம் அமைவதற்கு ஊக்கம் கொடுத்தார். 1942-இல் நிருத்யோதயா என்ற நடனப் பள்ளியைத் தொடங்கினார். அவருடைய மகள் பத்மா சுப்பிரமணியம் நடனக் கலையில் உலகறிந்தவர். 1971 ஏப்ரல் 7-ஆம் நாள் சுப்பிரமணியம் காலமானார்.

நமக்கு என்ன?

திருத்தந்தை பதினோராம் பயஸ் 1936-இல் சினிமாவைப் பற்றி ஒரு சுற்றுமடல் எழுதினார். தீய படங்களால் மக்களின் ஒழுக்கம் கெடுவதைப் பற்றிக் கவலைப்பட்ட அந்த மடல், நல்ல படங்களால் விளையும் பெரும் நன்மையையும் எடுத்துச் சொன்னது. புனித திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல் 1999 உயிர்ப்புப் பெருவிழா நாளில் கலைஞர்களுக்கென்றே ஒரு மடல் எழுதினார். இளமையில் நாடக மேடையில் நடித்தவர் அவர். நாசி ஆட்சியின்கீழ் போலந்தில் வீடுகளுக்குள் மறைவாக நாடகம் நடத்தியவர். கலைஞனின் சுதந்திரம் எவ்வளவு அருமையானது என்பதைப் பட்டு அறிந்தவர். தணிக்கை என்ற பெயரில் திருச்சபையினராகிய நாமும் சில வேளைகளில் அவசரப்பட்டுத் தீர்ப்பிட்டிருக்கிறோம் என்பதைத் தாழ்மையோடு ஏற்றுக்கொள்வதும் நல்லதே.

நாம் படம் எடுப்பவர்கள் அல்லர். ஆனால் நமக்கும் வாய் உண்டு. அந்த வாய்க்கும் தணிக்கை உண்டு. அதை நாமே செய்துகொள்கிறோம். பங்குக் கூட்டத்தில் ஓர் ஏழைக்கு அநியாயம் நடக்கும்போது, ஊர்ப் பெரியவர் கோபித்துக்கொள்வாரே என்று பேசாமல் இருந்துவிடுகிறோம். தமிழகத்தில் கல்லறைத் தோட்டத்திலும் சாதிக்கு ஒரு பக்கம் ஒதுக்கிய பங்குகள் உண்டு. தேர் எந்தத் தெருவுக்குப் போக வேண்டும் என்பதில் சண்டை போட்ட ஊர்களும் உண்டு. ஒரே அப்பத்தில் பங்குகொள்ளும் நாம், புயல் அடித்த இரவில் சம்பு சாஸ்திரி திறந்த கதவைத் திறந்தோமா? தொண்ணூறு ஆண்டுகளுக்கு முன் ஓர் இந்துச் சகோதரர் தம் சாதியாரின் விலக்கைத் தாங்கிக்கொண்டு திரையில் காட்டியதை, திருமுழுக்குப் பெற்ற நாம் நம் தெருவில் காட்டத் தயங்கினால் அது வெட்கம் அல்லவா?

தலைமைச் சங்கத்தின் முன் நிறுத்தப்பட்ட பேதுருவும் யோவானும், இயேசுவின் பெயரால் இனிப் பேசக்கூடாது என்று எச்சரிக்கப்பட்டார்கள். கண்டதையும் கேட்டதையும் சொல்லாமல் இருக்க அவர்களால் முடியவில்லை. அதே பேதுருதான் சில வாரங்களுக்கு முன் பணிப்பெண் ஒருத்தியின் கேள்விக்குப் பயந்து மறுதலித்தவர். ஒருமுறை வளைந்தவர்கள் மறுபடி நிமிர முடியும் என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டுமா? சுப்பிரமணியத்தின் வாழ்வையும் நம் வாழ்வையும் இந்த நம்பிக்கையோடு ஆண்டவரின் இரக்கத்தில் ஒப்படைப்போம்.

சிந்திக்க:

1. உண்மை என்று தெரிந்தும் நான் சொல்லாமல் விட்டது எது? யாருக்கு அஞ்சினேன்?

2. என் வீட்டுக் கதவு இன்றும் யாருக்கு அடைத்தே இருக்கிறது?

3. எனக்குப் பிடிக்காத உண்மையைச் சொன்ன ஒருவரை நான் எப்போதாவது வாயடைக்கச் செய்திருக்கிறேனா?

மன்றாடுவோம்:

உண்மையின் இறைவா, அழகையும் சொல்லையும் மனிதருக்குக் கொடையாகத் தந்தவர் நீரே. உண்மையைச் சொன்னதற்காகத் தடையும் சிறையும் நாடுகடத்தலும் அனுபவித்த கலைஞர்கள் அனைவரையும் நினைத்தருளும். அஞ்சி வளைந்த நேரங்களில் எங்களைத் தள்ளிவிடாமல் பேதுருவைப் போல் மீண்டும் எழச் செய்யும். எங்கள் பங்குகளில் அடைபட்டிருக்கும் கதவுகளைத் திறக்கும் துணிவை எங்களுக்குத் தாரும். எங்கள் ஆண்டவராகிய கிறிஸ்து வழியாக உம்மை மன்றாடுகிறோம். ஆமென்.